ஆரஞ்சுப் பெட்டியில் இல்லாத குரல்கள்

டிராகன் பால் இசட் என்ற ஜப்பானிய அனிமேஷன் தொடர் முழுவதையும் பையனுக்குப் போட்டுக் காட்ட வேண்டும், எந்த டிவிடி செட் வாங்கலாம் என்று நண்பன் ஒருவன் கேட்டான். 2007இல் வரத் தொடங்கிய ஆரஞ்சு நிறப் பெட்டிகள் ஒன்பதும் பல வருடங்களாக என்னிடம் இருப்பது அவனுக்குத் தெரியும்.

மொத்தம் 291 எபிசோடுகள். கதையில் எதையும் வெட்டவில்லை, படத்தில்தான் வெட்டியிருக்கிறார்கள். பழைய 4:3 படத்தை அகலத்திரைக்காக மேலும் கீழும் நறுக்கியதில் பல காட்சிகளில் ஆட்களின் தலைமுடி காணாமல் போயிருக்கிறது. அதுவும் முடியை வைத்தே ஆளை அடையாளம் சொல்லும் ஒரு தொடரில்! சரி, அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். என்னால் பொறுக்க முடியாதது முதல் 67 எபிசோடுகளின் ஆங்கிலக் குரல்கள்.

நியூ ஜெர்சியில் வளர்ந்த எனக்கு இந்தத் தொடர் அறிமுகமானது 1996இல் வெளிவந்த டப்பிங்கில். கனடாவின் வான்கூவர் நகரத்துக் கலைஞர்கள் பேசியது. அந்த 67 எபிசோடுகளைக் கத்தரித்து 53 ஆக்கியிருந்தார்கள். யாரும் சாகமாட்டார்கள், 'வேறு பரிமாணத்துக்கு' அனுப்பப்படுவார்கள். வானத்தில் விமானம் வெடித்துச் சிதறும், உடனே ஒரு குரல் 'அதோ பாராசூட் தெரிகிறது, தப்பித்துவிட்டார்கள்' என்று சொல்லும். திரையில் பாராசூட் எதுவும் இருக்காது. கதாநாயகன் கோக்குவின் அப்பா மூலத்தில் கீழ்நிலைப் போர்வீரர், அவரை அபாரமான விஞ்ஞானி ஆக்கிவிட்டார் வில்லன் வெஜீட்டா. ஜப்பானிய வசனத்தில் 8000 என்று வரும் கோக்குவின் பலம் ஆங்கிலத்தில் 9000 ஆனது. ஆனால் அந்த 9000ஐ வெஜீட்டாவுக்குக் குரல் கொடுத்த பிரையன் டிரம்மண்ட் அடித்தொண்டையிலிருந்து கத்திய விதம் இருக்கிறதே! 2006 வாக்கில் இணையமே அதைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டது. எனக்கு வெஜீட்டா என்றால் இன்றுவரை அந்தக் குரல்தான்.

ஆரஞ்சுப் பெட்டியில் அது இல்லை. அந்த எபிசோடுகளை அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்துக் குரல் கலைஞர் குழுவை வைத்துப் புதிதாக டப் செய்து, அதை மட்டும் வைத்திருக்கிறார்கள். வசனம் பல இடங்களில் மூலத்துக்கு நெருங்கி வந்திருக்கிறது, ஒலியும் துல்லியம். முதல் பெட்டியை ஒவ்வொரு முறை போடும்போதும் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. மூன்று ஒலித்தடங்களுக்கு இடமிருந்த வட்டில் நாலாவதாக ஒன்றைச் சேர்த்திருக்கக் கூடாதா?

அந்த மூன்று தடங்களையும் பாராட்டியே ஆக வேண்டும். ஒரே சண்டையை ஜப்பானியத்தில் கேட்கலாம், ஷுன்சுகே கிகுச்சியின் மூல இசையோடு ஆங்கிலத்தில் கேட்கலாம், அமெரிக்க ஒளிபரப்பின் இசையோடும் கேட்கலாம். அந்த ஒளிபரப்புக்கு புரூஸ் ஃபால்கனர் போட்ட இசை ஒரு நொடிகூட ஓயாது. கிகுச்சி மௌனத்துக்கு இடம் விடுவார், அடி விழும் சத்தம் மட்டும் கேட்கும். கோக்குவுக்கும் அவன் மகன்கள் இருவருக்கும் மசாகோ நொசாவா என்ற ஒரே பெண்மணி குரல் கொடுத்திருக்கிறார். அப்பாவும் பிள்ளைகளும் ஒரே காட்சியில் பேசிக்கொண்டாலும் எது யார் என்று குழப்பமே வராது. எந்த வகையில் பார்த்தாலும் ஜப்பானியத் தடம்தான் உசத்தி.

அந்த 53 எபிசோடுகளுக்குப் பிறகு 1999 செப்டம்பரில் அமெரிக்காவில் புதிய எபிசோடுகள் வந்தபோது, நாமெக் கிரகத்துச் சண்டை சூடு பிடித்திருந்த நேரத்தில், எல்லார் குரலும் ஒரே நாளில் மாறிப்போனது. டெக்சாஸ் குழு அப்போதுதான் உள்ளே வந்தது. முதலில் வேற்றாளாகத் தெரிந்த ஷான் ஷெம்மல் போகப்போக கோக்குவாகவே ஆகிவிட்டார். அவர்மேல் எனக்கு எந்தக் குறையும் இல்லை. அவருக்கு முன்னால் பேசியவர்களை அழித்ததுதான் என் வழக்கு.

நண்பனுக்கு நான் சொன்னது: 2013இல் 'ராக் தி டிராகன்' என்ற பெயரில் ஒரு தொகுப்பு வந்தது, அதைத் தேடி வாங்கு. அந்த 53 எபிசோடுகளும் பழைய குரலோடு, பழைய இசையோடு, பாராசூட்டோடு அதில் இருக்கின்றன. பையனுக்கு முதலில் அதைப் போடு. அப்புறம் ஆரஞ்சில் இரண்டாம் பெட்டியின் 68ஆவது எபிசோடிலிருந்து தொடரலாம். முதல் பெட்டியை வாங்கவே வேண்டாம்.