‘லைஃப் ஆஃப் பிரையன்’: கழன்று விழுந்த ஒற்றைச் செருப்பு

இயேசுவைக் கிண்டலடிக்கிற படம் என்று சொல்லியே மான்ட்டி பைத்தான் என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைக் குழுவின் இந்த 1979 படத்தை இத்தனை வருடம் பார்க்காமல் இருந்தேன். சர்ச்சின் ஓய்வுநாள் பள்ளியில் (சண்டே ஸ்கூல்) 16 வருடமாகப் பாடம் எடுக்கிறவள். போன வாரம் மகன் லேப்டாப்பில் போட்டுக் காட்டினான். மறுநாள் நானே இன்னொரு தடவை பார்த்தேன்.

இயேசு இதில் வருகிறார், மலைப்பிரசங்கம் செய்கிறார். அவரை ஒரு சொல்கூடக் கேலி செய்யவில்லை. கேமரா மெல்லப் பின்னால் போய், கூட்டத்தின் கடைசியில் நிற்கிறது. அங்கே எதுவும் சரியாகக் காதில் விழவில்லை. ‘பீஸ்மேக்கர்ஸ்’ (சமாதானம் பண்ணுகிறவர்கள்) பாக்கியவான்கள் என்றது ‘சீஸ்மேக்கர்ஸ்’ (சீஸ் செய்கிறவர்கள்) என்று கேட்கிறது. உடனே ஒருவர், சீஸ் மட்டுமில்லை, பால் பொருள் செய்கிற எல்லாருக்கும் இது பொருந்தும் என்று வியாக்கியானம் கொடுக்கிறார். இப்படி வசனத்தை விட்டு விலகிப் போகிற பிரசங்கங்களை எத்தனை கேட்டிருக்கிறேன்!

பிரையன், இயேசு பிறந்த அதே நாளில் பக்கத்துத் தொழுவத்தில் பிறந்த சாதாரண ஆள். மேசியா, அதாவது வரவேண்டிய மீட்பர் என்று ஒரு கூட்டம் அவனைத் துரத்துகிறது. ஓடும்போது காலிலிருந்து செருப்பு ஒன்று கழன்று விழுகிறது. ‘இதுதான் அடையாளம், நாமும் ஒற்றைச் செருப்போடு நிற்போம்’ என்கிறான் ஒருவன். இல்லை, செருப்புகளைக் குவிக்கச் சொல்கிறார் என்கிறான் அடுத்தவன். பிரையன் கையிலிருந்த சுரைக்குடுக்கையைப் பின்பற்றுங்கள் என்று ஒருத்தி கத்துகிறாள். ஒரே நிமிடத்தில் மூன்று சபை! எனக்குச் சிரிப்போடு கண்ணும் கலங்கிவிட்டது. எங்கள் பக்கத்து ஊரில், கீதபவனி (கிறிஸ்துமஸ் பாட்டு ஊர்வலம்) எந்தத் தெருவில் தொடங்குவது என்று ஆரம்பித்த தகராறில் அண்ணனும் தம்பியும் இன்று வேறு வேறு கட்டடத்தில் ஆராதிக்கிறார்கள்.

படப்பிடிப்புக்குச் சற்று முன் பணம் போடுவதாக இருந்த இ.எம்.ஐ. பட நிறுவனம் பின்வாங்க, பீட்டில்ஸ் இசைக்குழுவின் ஜார்ஜ் ஹாரிசன்தான் பணம் போட்டார். அயர்லாந்தில் 1987 வரை தடை. தடை கேட்டவர்களில் எத்தனை பேர் அந்த மலைப்பிரசங்கக் காட்சியைப் பார்த்திருப்பார்களோ.

பிடிக்காததும் உண்டு. ரோம ஆளுநர் பிலாத்துவின் பேச்சுக் குறைபாட்டை வைத்து அவ்வளவு நேரம் சிரிக்க வைப்பது தப்பு. நிர்வாணக் காட்சி இருக்கிறது, பிள்ளைகளோடு பார்க்க வேண்டாம். சிலுவையில் தொங்கியபடி பாடுகிற முடிவும், இயேசு சிலுவையில் மரித்ததை நினைக்கும் பெரிய வெள்ளியின் மும்மணி (மூன்று மணி நேர) ஆராதனையில் உட்கார்ந்து வளர்ந்த எனக்குச் சுலபமாக இல்லை. ஆனால் ரோமர்கள் எத்தனை பேரைச் சாதாரணமாகச் சிலுவையில் அறைந்தார்கள் என்பது அங்கேதான் உறைத்தது.

மலைப்பிரசங்கத்தின் முதல் ஒரு நிமிடத்தை மட்டும் பெரிய பிள்ளைகள் வகுப்பில் போட்டுக் காட்டலாமா என்று குருவானவரிடம் கேட்டிருக்கிறேன்.