மெஷின்கீ: வேலை சுத்தம், பேச்சுதான் சரியில்லை

பினாங்கில் பாயான் லெப்பாஸ் பக்கம் வேலை பார்க்கும் நண்பர் கேட்டார்: "அண்ணே, மெஷின்கீயை நாமே எழுதி வைக்கணுமா, தானாக உருவாகும் ஆட்டோ சாவியில் விட்டால் போதாதா?" கோலாலம்பூரில் பழைய ஏஎஸ்பி டாட்நெட் (மைக்ரோசாஃப்ட்டின் வலைத்தளக் கட்டமைப்பு) தளங்களோடு பல வருடமாகக் குடித்தனம் நடத்துகிறவன் சொல்கிறேன்: எழுதி வையுங்கள். மெஷின்கீ என்பது, சர்வர் தான் அனுப்பும் தரவில் கையொப்பமிடவும் அதைப் பூட்டவும் வைத்திருக்கும் ரகசியச் சாவி.

காவல் வேலையில் குறையே இல்லை. வியூஸ்டேட்டில், அதாவது பக்கத்தின் நிலையைச் சுமந்து உலாவிக்குப் போய்த் திரும்பும் மறைவுத் தரவில், யாராவது ஓர் எழுத்தை மாற்றி அனுப்பினாலும் கையொப்பம் ஒத்துப்போகாது, சர்வர் திருப்பி அடித்துவிடும்.

என் கடுப்பெல்லாம் அதன் பிழைச் செய்தி மேல்தான். 'வியூஸ்டேட் மேக் ஃபெயில்ட்' (கையொப்பச் சோதனை தோல்வி) என்று சொல்லிவிட்டு, வெப் ஃபார்ம், கிளஸ்டர் என்று பல சர்வர் கூட்டங்களைப் பற்றி உபதேசம். ஒற்றை சர்வர் கடைக்கு ஏதய்யா கிளஸ்டர்? ஒரு வாடிக்கையாளர் தளத்தில், ஹோஸ்டிங்காரர் 'லோட் யூசர் புரொஃபைல்' வசதியை அணைத்து வைத்திருந்தார். அதனால் ஆட்டோ சாவி விண்டோஸின் அமைப்புப் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் தங்கவில்லை. தளத்தை ஓட்டும் புராசஸான அப்ளிகேஷன் பூல் எழும்போதெல்லாம் புதுச் சாவி; பழைய சாவியில் கையொப்பமிட்ட பக்கம் செல்லாது. விண்டோஸின் வெப் சர்வரான ஐஐஎஸ் இயல்பாக 1740 நிமிடத்துக்கு ஒருமுறை பூலைப் புதுப்பிக்கும், அதாவது 29 மணி நேரம். இன்று காலை 9 மணிக்கு வந்த புகார் நாளை மதியம் 2 மணிக்கு, அதற்கடுத்த நாள் இரவு 7 மணிக்கு. பேய் வீடு மாதிரி. போதாததற்கு, 20 நிமிடம் ஆள் வராவிட்டால் பூல் படுத்துவிடும். படிவத்தைப் பாதி நிரப்பிவிட்டு பிரிக்ஃபீல்ட்ஸில் வாழையிலைச் சாப்பாடு முடித்து வந்து பட்டனைத் தட்டினால், ஹேக்கருக்குக் காட்டும் அதே முகம்.

ஐஐஎஸ் மேனேஜரில் மெஷின் கீ பக்கம் போய், தானாக உருவாக்கும் டிக்குகளை எடுத்துவிட்டு, 'ஜெனரேட் கீஸ்', அப்புறம் 'அப்ளை'. அவ்வளவுதான். இணையத்தில் கிடைக்கும் மாதிரிச் சாவியை மட்டும் ஒட்டிவிடாதீர்கள். அப்படி வெளியில் கிடக்கும் சாவிகள் 3,000-க்கு மேல் கண்டெடுத்ததாக 2025 பிப்ரவரியில் மைக்ரோசாஃப்ட்டே எச்சரித்தது. சாவி கையில் இருப்பவன் வியூஸ்டேட் வழியாகவே உங்கள் சர்வரில் தன் நிரலை ஓட்டலாம். அதே வருடம் ஜூலையில் மைக்ரோசாஃப்ட்டின் ஆவணப் பகிர்வு மென்பொருளான ஷேர்பாயிண்ட் மீதான தாக்குதலில் திருடியதும் இந்தச் சாவிகளைத்தான்; பேட்ச் போட்டால் மட்டும் போதவில்லை, சாவியையும் மாற்ற வேண்டியிருந்தது.

மாற்றுவதும் சுலபமில்லை. பழையதையும் புதியதையும் சேர்த்து வைக்க வழி கிடையாது. மாற்றிய நொடியில் எல்லாரும் லாகினிலிருந்து வெளியே. இதன் வாரிசான ஏஎஸ்பி டாட்நெட் கோரில் இதே வேலையைச் செய்யும் டேட்டா புரொடெக்‌ஷனோ 90 நாளுக்கு ஒருமுறை தானே புதுச் சாவி போட்டு, பழையதையும் படிக்க வைத்துக்கொள்கிறது.

நம்பகமான சாமான், ஐந்துக்கு நாலு தரலாம். இன்று காலை இன்னொரு 'மேக் ஃபெயில்ட்' வந்திருக்கிறது, அதனால் இரண்டு.