ஹைலக்ஸா, டி-மேக்ஸா? முன்பணம் கட்டுவதற்கு முன்

டீசல் பிக்கப் தேடுகிறவர் ஏழெட்டு வண்டிகளைப் பார்த்துக் கழித்துவிட்டு, கடைசியில் இரண்டுக்கு நடுவே மாட்டிக்கொண்டு நிற்பார்: டொயோட்டா ஹைலக்ஸ், இசுஸு டி-மேக்ஸ். நானும் அப்படித்தான் நின்றேன். இரண்டையும் காலியாகவும் லோடோடும் ஓட்டிப் பார்த்த பிறகு, இரண்டே இரண்டு கேள்விகள்தான் மிஞ்சின. வண்டி சாதாரண நாளில் எவ்வளவு சுமக்கப் போகிறது? ஒரு தடவை ஸ்டார்ட் செய்தால் எவ்வளவு தூரம் ஓடப் போகிறது? இதற்குப் பதில் தெரிந்துவிட்டால் முக்கால்வாசி முடிவு தானாக வந்துவிடும். குதிரைத்திறன் எல்லாம் அப்புறம்.

எந்த ஹைலக்ஸ், எந்த டி-மேக்ஸ் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஹைலக்ஸ் என்றால் 2015-இல் வந்த எட்டாம் தலைமுறை, அதிலும் 2020-இல் இன்ஜினையும் சஸ்பென்ஷனையும் திருத்திய பிறகு வந்தது. டி-மேக்ஸ் என்றால் 2019-இல் வந்த மூன்றாம் தலைமுறை. 2025 இறுதியில் அடுத்த ஹைலக்ஸும் வெளிவந்துவிட்டது. அதிலும் 2.8 லிட்டர் டீசல் இன்ஜின் தொடர்வதால் இன்ஜினைப் பற்றிச் சொல்வதில் பெரும்பகுதி அதற்கும் பொருந்தும்.

ஹைலக்ஸின் இன்ஜின் 1ஜிடி. 2,755 சிசி, நான்கு சிலிண்டர், 204 பிஎஸ் (குதிரைத்திறன்), 500 நியூட்டன் மீட்டர் டார்க் (முறுக்கு விசை). டி-மேக்ஸில் இருப்பது 4ஜேஜே3. அதுவும் நான்கு சிலிண்டர்தான், ஆனால் 2,999 சிசி, 190 பிஎஸ், 450 நியூட்டன் மீட்டர். தாளில் பார்த்தால் சின்னவன் பெரியவனைத் தோற்கடித்துவிட்டான். ஆனால் அந்த 500 ஆட்டோமேட்டிக் கியர் வைத்த ஹைலக்ஸுக்கு மட்டும்தான். மேனுவல் எடுத்தால் 420தான் கிடைக்கும். டி-மேக்ஸ் 3.0 எந்த கியர்பாக்ஸோடு வந்தாலும் 450. ஆக, மேனுவல் வேண்டும் என்கிறவருக்குக் கணக்கு அப்படியே தலைகீழாகிவிடுகிறது. கையேட்டில் 500 கொட்டை எழுத்தில் இருக்கும், 420 அடிக்குறிப்பில் இருக்கும். கண்ணைச் சுருக்கிப் படியுங்கள்.

ஓட்டும்போது வேறு ஒன்று தெரியும். ஹைலக்ஸ் ஆட்டோமேட்டிக்கும் டி-மேக்ஸும் 1,600 ஆர்பிஎம்மிலேயே முழு டார்க்கைக் கொடுத்துவிடுகின்றன. ஹைலக்ஸ் அதை 2,800 வரை பிடித்து வைத்திருக்கும், டி-மேக்ஸ் 2,600 வரை. அதனால் ஏற்றத்தில் முன்னால் போகிற லாரியை முந்த வேண்டும் என்றால் ஹைலக்ஸ் ஆட்டோமேட்டிக் கொஞ்சம் சுறுசுறுப்பு. டி-மேக்ஸ் அவசரப்படாது. அதே வேலையைச் சற்று மெதுவாக, முகம் சுளிக்காமல் செய்யும். லிட்டர் கணக்கில் போட்டுப் பாருங்கள். ஹைலக்ஸ் ஒரு லிட்டர் கொள்ளளவிலிருந்து 74 பிஎஸ் கறக்கிறது, டி-மேக்ஸ் 63. ஒரு இன்ஜினை எவ்வளவு கசக்கிப் பிழிகிறார்கள் என்பதற்கு இது ஒரு தோராய அளவுகோல். நாள் முழுக்க முழு லோடில் ஓடுகிற வண்டிக்குக் கசங்காத இன்ஜின் நல்லது என்பது என் கட்சி. டி-மேக்ஸ் இன்ஜினின் முந்தைய வடிவமான 4ஜேஜே1, இசுஸுவின் சிறிய லாரிகளில் உழைத்த இன்ஜின். அந்த லாரித்தனம் சத்தத்திலும் தெரியும். காலையில் ஸ்டார்ட் செய்தால் பக்கத்து வீட்டுக்காரருக்கும் விடிந்துவிடும்.

ஹைலக்ஸ் பக்கத்து வாதம் வேறு. அதே 1ஜிடி இன்ஜின் ஃபார்ச்சூனர், பிராடோ, ஹைஏஸ் என்று பல டொயோட்டாக்களில் இருக்கிறது. உதிரிபாகமும், அந்த இன்ஜினைப் பிரித்துப் பழகிய கைகளும் அந்த அளவுக்குப் பரவலாகக் கிடைக்கும். இதை லேசாக எடைபோடக் கூடாது.

"ஹைலக்ஸ் சாகாது" என்று ஒரு பேச்சு இருக்கிறதே, அதைப் பற்றி ஒரு வார்த்தை. 1968-இல் தொடங்கிய வண்டி அது. அந்தப் பெயரைச் சம்பாதித்துக் கொடுத்தவை 2எல், 3எல், 5எல் போன்ற பழைய டீசல்கள். டர்போ பெரும்பாலும் கிடையாது, மின்னணு ஊசி கிடையாது, புகைபோக்கியில் வடிகட்டி கிடையாது. கெடுவதற்கு அதில் அதிகம் இல்லை, அதனால் கெடவில்லை. இன்றைய 2.8 வேறு பிறவி. தாத்தாவின் நற்சான்றிதழை வைத்துப் பேரனுக்குப் பெண் கொடுக்கிற கதையாகிவிடக் கூடாது. இதே நியாயம் டி-மேக்ஸுக்கும் உண்டு.

புகை வடிகட்டி என்கிற தலைவலி

மாசு விதிகள் கடுமையாக உள்ள இடங்களில் இரண்டு வண்டிகளுக்கும் டிபிஎஃப் என்கிற இந்த வடிகட்டி உண்டு. டீசல் எரியும்போது வருகிற கரித்தூளை ஒரு பீங்கான் கூடு பிடித்து வைத்துக்கொள்கிறது. கூடு நிரம்பினால் அதைச் சுமார் 600 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்கிக் கரியை எரித்துச் சாம்பலாக்க வேண்டும். இதற்கு ரீஜெனரேஷன் என்று பெயர். அந்தச் சூடு வர வண்டி கொஞ்ச நேரம் நிற்காமல் ஓட வேண்டும். மூன்று கிலோமீட்டர் போய் அணைத்து, மறுபடி மூன்று கிலோமீட்டர் திரும்பி வந்து அணைக்கிறவரின் வண்டியில் அந்த எரிப்பு பாதியிலேயே நின்று நின்று போகும். கடைசியில் டேஷ்போர்டில் மஞ்சள் விளக்கு.

இரண்டு நிறுவனங்களும் இந்தச் சூட்டை வேறு வேறு வழியில் உண்டாக்குகின்றன. ஹைலக்ஸில் இதற்கென்றே புகைக்குழாயில் தனியாக ஓர் இன்ஜெக்டர் இருக்கிறது. டீசல் நேரே புகையில் தெளிக்கப்படுகிறது. இன்ஜின் ஆயிலுக்கு இது நல்லது. ஆனால் அந்த ஐந்தாவது இன்ஜெக்டரே கரி பிடித்து அடைத்துக்கொள்ளும், அது ஒரு தனி பராமரிப்பு. டி-மேக்ஸில் சிலிண்டருக்குள் இருக்கும் வழக்கமான இன்ஜெக்டரே, எரிந்து முடிகிற நேரத்தில் கொஞ்சம் கூடுதலாக டீசலை விடுகிறது. கூடுதல் பாகம் ஏதும் இல்லை. ஆனால் எரிப்பு அடிக்கடி பாதியில் நின்றால் அந்த டீசலில் கொஞ்சம் சிலிண்டர் சுவர் வழியாக வடிந்து ஆயிலில் கலக்கும். டிப்ஸ்டிக்கில் ஆயில் மட்டம் குறைவதற்குப் பதில் ஏறினால் அதுதான் காரணம். சந்தோஷப்பட வேண்டிய விஷயம் இல்லை, உடனே ஆயில் மாற்ற வேண்டும்.

செகண்ட் ஹாண்டில் ஹைலக்ஸ் பார்க்கிறவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய வழக்கு ஒன்று உண்டு. ஆஸ்திரேலியாவில் 2015 அக்டோபருக்கும் 2020 ஏப்ரலுக்கும் இடையே விற்ற டீசல் ஹைலக்ஸ், ஃபார்ச்சூனர், பிராடோ வண்டிகளின் டிபிஎஃப் அமைப்பு ஏற்கத்தக்க தரத்தில் இல்லை என்று அந்நாட்டு ஃபெடரல் நீதிமன்றம் 2022-இல் தீர்ப்பளித்தது. அதில் எனக்கு வேடிக்கையாகப் பட்டது காரணம்தான். சுமார் 100 கிலோமீட்டர் வேகத்தில் தொடர்ந்து ஓடும்போதுதான் சிக்கல் வந்தது. மற்ற வண்டிகளுக்கு மருந்தாக இருக்கும் நெடுஞ்சாலை ஓட்டம் இதற்கு நோயாகிப் போனது. 2018-இல் டொயோட்டா ரீஜெனரேஷனைக் கையால் தொடங்கும் பொத்தானைச் சேர்த்தது, 2020-இல் அமைப்பையே திருத்தியது. ஆகவே 2020-க்கு முந்தைய 2.8 வாங்கினால், இந்தப் பழுது பார்க்கப்பட்டதா என்று சர்வீஸ் ஏட்டைக் கேட்டு வாங்குங்கள். அந்த ஆண்டுகளின் இன்ஜின் 177 பிஎஸ்தான் என்பதும் நினைவிருக்கட்டும். விற்கிறவர் 204 என்று சொன்னால் சிரித்துவிட்டு விலையைக் குறையுங்கள்.

இன்னும் பழைய வண்டிகளுக்குப் போகிறீர்கள் என்றால், 2015 வரை வந்த 3.0 ஹைலக்ஸில் இன்ஜெக்டர் சீல் கசிவைப் பார்க்க வேண்டும். கசிவு முற்றினால் கரி ஆயிலில் சேர்ந்து, ஆயில் உறிஞ்சும் சல்லடையை அடைத்துவிடும். இன்ஜினே போய்விடும். முந்தைய தலைமுறை டி-மேக்ஸில் டீசல் பம்பின் கட்டுப்பாட்டு வால்வு தகராறு செய்யும். ஐடிலில் இன்ஜின் மூச்சு வாங்குவது போல ஏறி இறங்கினால் முதல் சந்தேகம் அதன் மேல்தான். செலவு என்று பார்த்தால் இரண்டாவது சில்லறை, முதலாவது பெருந்தொகை.

மூன்றரை டன் இழுக்குமாம்

இரண்டு வண்டிகளின் 4x4 இரட்டை கேபின் வகைகளும் 3,500 கிலோ டிரெய்லர் இழுக்கும் என்று எழுதியிருப்பார்கள். பொய்யில்லை. ஆனால் அந்த வரிக்குக் கீழே இன்னொரு எண் இருக்கும்: வண்டியும் டிரெய்லரும் சேர்ந்த மொத்த எடைக்கான வரம்பு. இரண்டிலும் அது ஏறக்குறைய ஆறு டன். ஹைலக்ஸின் ஒரு வகையை எடுத்துக்கொள்வோம், 5,850 கிலோ. அதில் டிரெய்லரின் 3,500-ஐக் கழித்தால் 2,350. வண்டியே சுமார் 2,100 கிலோ. மீதம் 250. மூன்று பெரியவர்கள் ஏறி உட்கார்ந்தால் முடிந்தது கதை, பின் தொட்டியில் ஒரு கருவிப் பெட்டிகூட வைக்க முடியாது. டி-மேக்ஸில் இந்த வரம்பு ஒரு நூறு கிலோ கூடுதலாக இருக்கலாம், அவ்வளவே. முழு எடையை அடிக்கடி இழுக்கப் போகிறவருக்கு இரண்டுமே சரியான வண்டி இல்லை என்பேன். இரண்டரை டன் வரை என்றால் இரண்டுமே தாராளம்.

தொட்டியில் ஏற்றுகிற லோடுக்கு வருவோம். இரண்டுக்கும் ஏணி போன்ற சேசிஸ், பின்னால் லீஃப் ஸ்பிரிங், பின் சக்கரத்தில் பெரும்பாலும் டிரம் பிரேக். ஒரு டன்னுக்குக் கொஞ்சம் குறைவாகச் சுமக்கலாம். லீஃப் ஸ்பிரிங்கின் குணம் தெரிந்ததுதான்: காலியாக ஓடினால் துள்ளும், நானூறு கிலோ ஏறியதும் கல் மாதிரி அமைதியாகிவிடும். காலி வண்டியில் டி-மேக்ஸ் சற்று மென்மை, ஹைலக்ஸின் பின்பகுதி மேடு பள்ளத்தில் தூக்கிப்போடும். லோடு ஏற்றினால் ஹைலக்ஸ் குறைவாகத் தாழ்கிறது. இது என் முதுகு சொன்ன தீர்ப்பு, அளந்து பார்த்ததல்ல. ஷோரூமில் கொடுக்கும் சோதனை ஓட்டம் எப்போதும் காலி வண்டியில்தான் என்பதால் அங்கே டி-மேக்ஸுக்கு ஒரு மார்க் சும்மா கிடைத்துவிடுகிறது. முடிந்தால் நாலு பேரோடு போய் ஓட்டிப் பாருங்கள்.

ஸ்டீயரிங்கிலும் வித்தியாசம் தெரியும். டி-மேக்ஸ் எலக்ட்ரிக், நெருக்கமான இடத்தில் ஒரு விரலால் ஒடிக்கலாம். எட்டாம் தலைமுறை ஹைலக்ஸ் ஹைட்ராலிக். நின்ற இடத்தில் கனம், கரடுமுரடான பாதையில் கைக்கு நம்பிக்கை.

நான்கு சக்கர இழுவை பற்றி நிறைய பேச வேண்டியதில்லை. இரண்டும் ஒரே பழைய பாணி: 2எச் (பின் சக்கரங்கள் மட்டும்), 4எச் (நான்கு சக்கரமும்), 4எல் (நான்கும், மெதுவான கியரில்). முன், பின் சக்கரங்களின் வேக வித்தியாசத்தைச் சமாளிக்கும் டிஃப்பரென்ஷியல் நடுவே இல்லாததால் காய்ந்த தார்ச்சாலையில் 4எச் போட்டு ஓட்டக் கூடாது. வளைவில் முன் சக்கரமும் பின் சக்கரமும் வேறு வேறு தூரம் ஓடியாக வேண்டும், ஓட முடியாமல் கியர் அமைப்பு முறுக்கிக்கொள்ளும். சேறு, மணல், ஈரமான சரளை என்றால் பிரச்சினை இல்லை. தண்ணீரில் இறங்குகிற ஆழம் டி-மேக்ஸுக்கு 800 மில்லிமீட்டர், ஹைலக்ஸுக்கு 700. இந்தப் பத்து சென்டிமீட்டருக்காக வண்டியைத் தேர்ந்தெடுப்பவர் ஆற்றங்கரையில் குடியிருப்பவராகத்தான் இருக்க வேண்டும்.

சின்ன இன்ஜின்களையும் விட்டுவிடக் கூடாது, நிறையப் பேர் வாங்குவது அதைத்தான். ஹைலக்ஸ் 2.4, 150 பிஎஸ், 400 நியூட்டன் மீட்டர். டி-மேக்ஸ் 1.9, பெரும்பாலான சந்தைகளில் அதே 150 பிஎஸ், ஆனால் 350 நியூட்டன் மீட்டர். இங்கே எனக்குத் தயக்கமே இல்லை, லோடு ஏற்றுவதாக இருந்தால் ஹைலக்ஸ் 2.4. டி-மேக்ஸ் 1.9 காலியாக ஓடுவதற்கு இனிமையான வண்டி, ஆனால் முழு லோடில் ஏற்றத்தில் முதல் கியரிலிருந்து நகரும்போது டர்போ விழிக்கும்வரை கொஞ்சம் தவிக்கும். இசுஸுவுக்கும் இது புரிந்திருக்க வேண்டும். 2024 இறுதியில் 400 நியூட்டன் மீட்டரோடு 2.2 இன்ஜினைக் கொண்டுவந்து, 1.9 இருந்த இடத்தில் வைக்கத் தொடங்கிவிட்டது.

சரி, நான் எதை எடுப்பேன்? என் வண்டி வாரத்தில் நான்கு நாள் முக்கால் லோடோடு, ஒரே மூச்சில் ஐம்பது அறுபது கிலோமீட்டர் ஓடும். கியர் எனக்கு மேனுவல்தான் பிடிக்கும். அதனால் டி-மேக்ஸ் 3.0 பக்கம் சாய்ந்தேன். ஆட்டோமேட்டிக் கேட்டிருந்தால் ஹைலக்ஸ் 2.8-இன் அந்தக் கூடுதல் 50 நியூட்டன் மீட்டர் என்னை நிச்சயம் ஆட்டிப் பார்த்திருக்கும். சின்னச் சின்ன தூரம் மட்டுமே ஓடப் போகிறவருக்கு இரண்டில் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும் என்றால், ஆயிலில் டீசல் கலக்காத ஹைலக்ஸைச் சொல்வேன். ஆனால் சோதனை ஓட்டத்தின்போதே அந்த ரீஜெனரேஷன் பொத்தான் எங்கே இருக்கிறது என்று விற்பனையாளரைக் காட்டச் சொல்லுங்கள். அவர் டேஷ்போர்டைத் தடவித் தேடினால், சர்வீஸுக்கு வேறு கிளையைப் பார்த்து வைத்துக்கொள்ளலாம்.