நடைக்கு இறங்கியது எது, இறங்காதது எது: என் நான்கு ஆண்டு இரத்தப் பரிசோதனைக் கணக்கு

2021 மார்ச்சில் பலதுறை மருந்தகத்தில் எடுத்த இரத்தப் பரிசோதனையில் எனக்கு மொத்தக் கொலஸ்டிரால் 6.4, எல்டிஎல் (கெட்ட கொலஸ்டிரால்) 4.3, எச்டிஎல் (நல்ல கொலஸ்டிரால்) 1.05, டிரைகிளிசரைடு (இரத்தத்திலுள்ள இன்னொரு வகைக் கொழுப்பு) 2.3 என்று வந்தன. அப்போது எனக்கு 49 வயது. மாதவிடாய் நின்று ஓராண்டு ஆகியிருந்தது. இவை சிங்கப்பூரில் வழங்கும் மில்லிமோல் கணக்கு. தமிழ்நாட்டில் மில்லிகிராம் கணக்கு என்பதால், அங்கிருக்கும் உறவினர்களிடம் சொல்லும்போது கொலஸ்டிரால் எண்களை 38.67-ஆலும், டிரைகிளிசரைடை 88.57-ஆலும் பெருக்கிச் சொல்ல வேண்டும். அப்படிப் பார்த்தால் என் எல்டிஎல் ஏறத்தாழ 166, டிரைகிளிசரைடு 204. என் தந்தைக்கு 58 வயதில் மாரடைப்பு வந்திருக்கிறது. சிங்கப்பூரில் இந்திய வம்சாவளியினருக்குச் சீனர்களைவிட மாரடைப்பு அதிகம் வருகிறது என்பதை இங்குள்ள ஆய்வுகள் பல ஆண்டுகளாகக் காட்டி வருகின்றன. ஆகவே அந்தத் தாளை மடித்து வைத்துவிட்டு மறந்துவிட என்னால் முடியவில்லை.

மாத்திரை வேண்டாம், நடந்தே குறைத்துக்கொள்கிறேன் என்று மருத்துவரிடம் கேட்டு வாங்கிய அவகாசத்தில் தொடங்கியதுதான் இந்தப் பயிற்சி. இன்றுவரை ஏறத்தாழ விடாமல் செய்து வருகிறேன். உடற்பயிற்சி கொலஸ்டிராலைக் குறைக்குமா என்று கேட்பவர்களுக்கு ஒற்றைச் சொல்லில் பதில் கிடையாது. எந்தக் கொலஸ்டிரால் என்று முதலில் கேட்க வேண்டும் என்பதே நான் சொல்ல வந்தது.

முதல் ஐந்து மாதங்கள் வாரத்தில் ஐந்து நாள், நாளுக்கு அரை மணி நேரம், ஈசூன் குளத்தைச் சுற்றி எதிர்வீட்டு அக்காவோடு நடந்தேன். பேசிக்கொண்டே போய், திரும்பும் வழியில் ஈரச்சந்தையில் காய்கறி வாங்கிக்கொண்டு வீடு சேரும் நடை அது. ஆகஸ்டு பரிசோதனையில் எல்டிஎல் 4.2, டிரைகிளிசரைடு 2.2, எச்டிஎல் இருந்த இடத்திலேயே 1.05. ஐந்து மாத உழைப்புக்கு இவ்வளவுதானா என்று மனம் சோர்ந்துபோனது உண்மை. அன்று மருத்துவர் பத்து நிமிடம் ஒதுக்கிச் சொன்ன விளக்கம்தான் என்னைத் தொடர வைத்தது. பிறகு தேடிப் படித்ததில் அது இன்னும் தெளிவானது.

கொழுப்பு இரத்தத்தில் தனியாக மிதப்பதில்லை. புரதத்தோடு சேர்ந்த துகள்களாகவே பயணம் செய்கிறது. கல்லீரல் அனுப்பும் பெரிய துகள்களில் டிரைகிளிசரைடு நிறைந்திருக்கும். தசைகளுக்கு எரிபொருள் தேவைப்படும்போது, தசையின் நுண்குழாய்ச் சுவரில் இருக்கும் லைப்போபுரோட்டீன் லைப்பேஸ் என்னும் நொதி அந்தத் துகள்களிலிருந்து டிரைகிளிசரைடை உடைத்து எடுக்கிறது. மூச்சு வாங்கும் அளவுக்கு நெடுநேரம் நடந்தாலோ ஓடினாலோ இந்த நொதியின் வேலை கூடுகிறது. அதனால் டிரைகிளிசரைடு இறங்குகிறது. துகள் சுருங்கும்போது அதன் மேற்பரப்பிலிருந்து கழன்றுவரும் பொருள்களில் ஒரு பகுதி எச்டிஎல்லைச் சென்று சேர்வதால் அதுவும் சிறிது உயர்கிறது. எல்டிஎல்லின் கதை வேறு. அதை இரத்தத்திலிருந்து அகற்றுபவை பெரும்பாலும் கல்லீரலின் மேற்பரப்பிலுள்ள ஏற்பிகள். அவற்றின் எண்ணிக்கையை நடை பெரிதாகக் கூட்டுவதில்லை. நெய், தேங்காய்ப்பால், கொழுப்பு மிகுந்த இறைச்சி ஆகியவற்றிலுள்ள நிறைவுற்ற கொழுப்பு அந்த ஏற்பிகளைக் குறைக்கிறது. கொலஸ்டிராலைக் குறைக்கத் தரப்படும் ஸ்டேட்டின் மாத்திரை அவற்றைக் கூட்டுகிறது. மாதவிடாய் நின்ற பிறகு பெண்களுக்கு எல்டிஎல் ஏறுவது வழக்கம் என்பதையும் அன்றுதான் அறிந்தேன். என் அம்மா வயதுப் பெண்களிடம் இதை யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள் என்று நினைக்கும்போது இன்றும் எனக்கு வருத்தமாக இருக்கிறது.

அதன்பின் நடையின் தன்மையை மாற்றினேன். 220-இலிருந்து வயதைக் கழித்தால் என் உச்ச இதயத் துடிப்பு தோராயமாக 171. மிதமான பயிற்சிக்கு அதில் 64 முதல் 76 விழுக்காடு, அதாவது 109-க்கும் 130-க்கும் இடையில் துடிப்பு இருக்க வேண்டும். குளத்தைச் சுற்றிய நாள்களில் அது நூறைக்கூட எட்டவில்லை என்பதைக் கைக்கடிகாரம் காட்டியது. பேச முடிய வேண்டும், பாட முடியக்கூடாது என்ற எளிய அளவுகோலும் அதையே சொன்னது. நாங்கள் பாடிக்கொண்டே போகக்கூடிய வேகத்தில்தான் நடந்திருக்கிறோம். காத்திப்பிலிருந்து லோயர் சிலேத்தார் நீர்த்தேக்கம் வரை பூங்கா இணைப்புப் பாதையில் ஐம்பது நிமிட விரைவுநடை வாரத்தில் நான்கு நாள் என்று தொடங்கி, மூன்று மாதத்திற்குப் பின் இடையிடையே இரண்டு நிமிட மெதுவோட்டத்தைச் சேர்த்தேன். "என்னம்மா, யாராவது துரத்துறாங்களா?" என்று கேட்ட அக்கா, இரண்டு வாரத்தில் தானும் விளையாட்டுக் காலணி வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். 2022-இல் வெளியான சிங்கப்பூர் உடற்பயிற்சி வழிகாட்டி பெரியவர்களுக்கு வாரம் 150 முதல் 300 நிமிட மிதமான பயிற்சியைப் பரிந்துரைக்கிறது. நான் இருநூறு நிமிடத்தில் நின்றேன்.

2022 செப்டம்பரில் டிரைகிளிசரைடு 1.5 ஆனது. எச்டிஎல் 1.2. எல்டிஎல் மட்டும் 4.1. எச்டிஎல் உயர்வு சிறிதாகத் தோன்றலாம். ஆனால் 2007-இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் 25 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது கிடைத்த சராசரி உயர்வு 2.53 மில்லிகிராம், நம் கணக்கில் 0.07-க்கும் குறைவு. வாரத்திற்குக் குறைந்தது 120 நிமிடம் செய்தால்தான் பலன் தெரிகிறது என்றும், ஒவ்வொரு முறையும் எவ்வளவு நேரம் செய்கிறோம் என்பதே முக்கியம் என்றும் அந்தத் தொகுப்பு காட்டியது. அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகம் 2002-இல் வெளியிட்ட ஆய்விலும் வேகத்தைவிட மொத்த அளவே கூடுதல் பலன் தந்தது. அதில் எல்டிஎல்லின் அளவு இறங்காவிட்டாலும் அதன் துகள்கள் பெரிதாகி, எண்ணிக்கையில் குறைந்தன. நான் வேகத்திற்காக மூட்டுகளை வருத்திக்கொள்ளாமல் நேரத்தைக் கூட்டியதற்கு இந்த இரண்டும் துணையாக இருந்தன.

எல்டிஎல் 4.1-ஐ நான் ஏற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. முதலில் சமையலறையில் கைவைத்தேன். வார இறுதி நாசி லெமாக் (தேங்காய்ப்பால் சோறு) மாதம் ஒருமுறை ஆனது. குழம்பில் தேங்காய்ப்பாலைப் பாதியாக்கினேன். நெய் பண்டிகைகளோடு நின்றது. காலை உணவில் ஓட்ஸ் வந்தது. மூன்று மாதத்தில் 3.7. அதற்குமேல் இறங்காததால் 2023 தொடக்கத்தில் ஸ்டேட்டினுக்கு ஒப்புக்கொண்டேன், ஏப்ரலில் 2.3. இரண்டு ஆண்டு வியர்வையால் முடியாததை ஒரு சிறு மாத்திரை சில வாரங்களில் செய்ததைப் பார்த்து நடையை விட்டுவிடலாமே என்று என் கணவர் கேட்டார். எல்டிஎல் ஒரு மில்லிமோல் குறைந்தால் மாரடைப்பு, பக்கவாதம் போன்ற பெரும் பாதிப்புகள் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைகின்றன என்பது பெரிய ஆய்வுகளின் முடிவு. மாத்திரையைத் தள்ளிப்போட்ட அந்த இரண்டு ஆண்டுகளை நான் வேறுவிதமாகக் கழித்திருக்கலாம் என்றுதான் இன்று எண்ணுகிறேன். ஆனால் நடையை விடவில்லை.

விட்டால் என்ன ஆகும் என்பதும் அதே ஆண்டு தெரிந்துவிட்டது. அக்டோபரில் புகைமூட்டத்தால் காற்றுத் தரக் குறியீடு 100-ஐத் தாண்டியதால் சில நாள்கள் வீட்டிலேயே இருந்தேன். அது தெளிந்து வெளியே போன முதல் வாரத்திலேயே ஈரப் படிக்கட்டில் கணுக்கால் பிசகி, ஏழு வாரம் நடை நின்றது. டிசம்பர் பரிசோதனையில் எல்டிஎல் 2.4, அசையவே இல்லை. டிரைகிளிசரைடோ 1.3-இலிருந்து 1.9-க்கு ஏறியிருந்தது, எச்டிஎல் 1.1-க்கு இறங்கியிருந்தது. இடையில் தீபாவளிப் பலகாரமும் இருந்ததால் முழுப் பழியையும் ஓய்வின்மேல் போட முடியாது. ஆயினும் எது மாத்திரையின் வேலை, எது கால்களின் வேலை என்பதை இதைவிடத் தெளிவாக எந்தக் கட்டுரையும் எனக்குக் காட்டியதில்லை. டிரைகிளிசரைடின்மேல் ஒருமுறை செய்யும் பயிற்சியின் விளைவு ஓரிரு நாள்களே நிற்கும் என்பதால், இப்போது இரண்டு நாள்களுக்குமேல் தொடர்ந்து இடைவெளி விடுவதில்லை.

கொலஸ்டிரால் தாளில் வராதவை இன்னும் உண்டு. ஓய்விலிருக்கும்போது 82-ஆக இருந்த என் நாடித்துடிப்பு இப்போது 66. ஒவ்வொரு துடிப்பிலும் இதயம் கூடுதல் இரத்தத்தைத் தள்ளப் பழகிவிட்டதால் குறைந்த துடிப்பே போதுமானதாகிறது. இரத்த அழுத்தம் 138/88-இலிருந்து 126/80-க்கு வந்தது, அதற்கென்று மாத்திரை ஏதும் இல்லாமல். இரத்தம் வேகமாக ஓடும்போது நாளங்களின் உட்சுவர் நைட்ரிக் ஆக்சைடைச் சுரந்து விரிந்துகொடுக்கிறது. இந்தப் பழக்கம் நாளங்களை நெகிழ்வாக வைத்திருக்கிறது. எடை குறைந்தது மூன்று கிலோ மட்டுமே. எடைக்காக நடப்பவர்கள் இதைக் கவனிக்கவும். 2020 தைப்பூசத்தில் சிராங்கூன் சாலை சீனிவாசப் பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு தெண்டாயுதபாணி கோயிலுக்குப் பால்குடம் எடுத்தபோது மூன்று இடங்களில் நின்று மூச்சு வாங்கினேன். தொற்றுக்காலத்தில் இரண்டு ஆண்டுகள் நடை ஊர்வலம் இல்லை. 2023-இல் மீண்டும் எடுத்தபோது ஓரிடத்திலும் நிற்காமல் சன்னிதியை அடைந்தேன். அன்று கண்ணில் நீர் வந்தது.

ஈரடுக்குப் பேருந்தில் மேல்தளத்திற்கு ஏறும்போதெல்லாம் லண்டன் மருத்துவர் ஜெரி மோரிஸின் ஆய்வு நினைவுக்கு வரும். நாள் முழுதும் அமர்ந்து பேருந்து ஓட்டியவர்களைவிட, மாடிப்படி ஏறி இறங்கிப் பயணச்சீட்டு கொடுத்த நடத்துநர்களுக்கு இதயநோய் குறைவு என்று அவரும் அவர் குழுவினரும் 1953-இல் எழுதினார்கள். அலுவலகத்தில் கணக்குப் பார்த்து எட்டு மணி நேரம் அமரும் நான் எந்தப் பக்கம் என்பது சொல்லாமலே விளங்கும்.

கருவிகளைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. காலணியை எட்டு, ஒன்பது மாதத்திற்கு ஒருமுறை மாற்றுகிறேன். கைக்கடிகாரம் வியர்வையில் நழுவினால் துடிப்பைத் தவறாகக் காட்டும்; பட்டையை ஒரு துளை இறுக்கினால் சரியாகிவிடும். நம் ஊர் வெக்கைக்குக் காலை ஆறு மணியே ஏற்ற நேரம். இடி மழை நாள்களில் புளோக் படிக்கட்டில் பன்னிரண்டு மாடி ஏறி, மின்தூக்கியில் இறங்கி, மீண்டும் ஏறுவேன். நடையின்போது மார்பில் இறுக்கமோ, தாடைக்கோ இடக்கைக்கோ பரவும் வலியோ, வழக்கத்திற்கு மாறான மூச்சுத்திணறலோ வந்தால் அங்கேயே நிறுத்த வேண்டும். சில நிமிட ஓய்விலும் அடங்காவிட்டால் 995-ஐ அழைக்க வேண்டும். குடும்பத்தில் இதயநோய் உள்ளவர்கள் ஓடத் தொடங்குமுன் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

2025-இல் எண்கள் இவை: எல்டிஎல் 2.3, எச்டிஎல் 1.25, டிரைகிளிசரைடு 1.3. இத்துடன் முதல்முறையாக எல்டிஎல்லைப் போன்ற லைப்போபுரோட்டீன் ஏ என்ற துகளையும் அளந்து பார்க்கச் சொன்னேன். பெரும்பாலும் பிறப்பிலேயே தீர்மானமாகிவிடும் அதை நடையும் குறைக்காது, ஸ்டேட்டினும் குறைக்காது. எனக்கு இயல்பான அளவே வந்தது. அப்பாவுக்கு அதை யாரும் அளந்ததில்லை என்பதால், தம்பியையும் ஒருமுறை பார்த்துவிடச் சொல்லியிருக்கிறேன். அடுத்த மாதம் போவதாக ஒப்புக்கொண்டிருக்கிறான்.