கனடாவில் ஐஸ் ஹொக்கி ஒப்பந்தம் என்று காசு கேட்டு வருகிறார்கள், கவனம்

பாடசாலை அணியில் புற்தரை ஹொக்கி விளையாடிய பிள்ளைகளின் வீடுகளைத் தேடித் தரகர்கள் வருகிறார்கள். "தம்பியிட்ட சேர்ட்டிபிக்கற் இருந்தாக் காணும், மிச்சத்தை நாங்கள் பாப்பம்" என்பதுதான் முதல் பேச்சு. வலிகாமத்தில் ஒரு குடும்பம் இதை நம்பி நகையை அடகு வைத்து, தோட்டக்காணியை ஈடு வைத்து, 32 லட்சம் ரூபாய் கொடுத்துவிட்டு நிற்கிறது. காசு ஒரேயடியாகப் போகவில்லை. பதிவுக்கு 75,000, பிறகு மெடிக்கல், பிறகு "இடமாற்ற அட்டை", பிறகு காப்புறுதி, கடைசியில் "விசா அடிச்சாச்சு, ரிக்கற் போடவேணும்" என்று பெருந்தொகை. அதோடு தரகரின் போன் நின்றுவிட்டது.

அந்தக் குடும்பத்திடம் தரகர் கொடுத்த ஒப்பந்தக் கடிதத்தைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். மேலே என்.எச்.எல். (வட அமெரிக்காவின் முதல்தர ஐஸ் ஹொக்கி லீக்) அணி ஒன்றின் சின்னம். கீழே கையெழுத்து, ஆனால் அதைச் சுற்றி ஒரு வெள்ளைப் பெட்டி. அது பட்ட இடத்தில் கடிதத்தின் கடைசி வரி பாதி அழிந்திருக்கிறது. வேறிடத்தில் வெட்டி ஒட்டியது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். எழுதியிருப்பதும் அபத்தம்: 20 வயதுப் பொடியனுக்கு 5 வருட ஒப்பந்தம், வாரம் 1,200 கனேடிய டொலர். என்.எச்.எல்.லில் அந்த வயதில் முதன்முதல் ஒப்பமிடுபவருக்கு 3 வருடம்தான், கூட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது. கனடாவில் உள்ள 7 அணிகள் உட்பட எல்லா அணிகளும் அமெரிக்க டொலரில்தான் ஒப்பந்தம் எழுதுகின்றன. 2025-26 பருவத்தில் ஆகக் குறைந்த சம்பளம் 775,000 அமெரிக்க டொலர். வாரம் 1,200 என்றால் வருடத்துக்கு 62,400. அந்தச் சம்பளத்துக்கு அந்த லீக்கில் ஒப்பந்தமே எழுத முடியாது.

தரகர்கள் போனில் காட்டும் படங்களில் ஒன்று வான்கூவர் அணியின் அர்ஷ்தீப் பெயின்ஸுடையது. "பாருங்கோ, எங்கட ஆக்களைப்போல ஆக்களும் விளையாடுகினம்" என்பார்கள். அவர் பிரிட்டிஷ் கொலம்பியாவின் சரேயில் வளர்ந்தவர். ரெட் டியர் அணியில் பல பருவம் ஜூனியர் ஆடி, 2021-22 இல் மேற்கு ஜூனியர் லீக்கிலேயே ஆகக் கூடிய 112 புள்ளிகள் (கோலும் கோலுக்கு உதவியதும் சேர்ந்த கணக்கு) எடுத்த அந்தப் பருவத்தில்தான் ஒப்பந்தம் கிடைத்தது. அணிகள் இளம் வீரர்களை முறை வைத்துத் தெரிவு செய்யும் என்.எச்.எல். டிராஃப்ட்டில் 7 சுற்று, மொத்தம் 224 பேர் தெரிவாகிறார்கள். அவர்களிலும் பெரும்பாலானோர் கீழ் லீக்குகளோடு நின்றுவிடுவார்கள். ஒரு அணி 50 ஒப்பந்தத்துக்கு மேல் வைத்திருக்க முடியாது. அதில் ஒன்றை ஐஸையே மிதிக்காத ஒருவருக்குக் கொடுப்பார்களா?

"ட்ரயல்" என்று ஒரு மண்டபத்தின் சீமெந்துத் தரையில் சில்லுச் சப்பாத்துப் போட்டு ஓடவிட்டு வீடியோவும் எடுத்திருக்கிறார்கள். ஐஸ் ஸ்கேட்டின் பிளேட் நடுவில் குழிவாகத் தீட்டப்பட்டு இரண்டு பக்கமும் விளிம்போடு இருக்கும். திரும்புவது, பின்னோக்கி ஓடுவது, இரண்டு காலையும் குறுக்கே திருப்பி ஐஸைச் சுரண்டி நிற்பது எல்லாம் அந்த விளிம்பில்தான். சீமெந்தில் சில்லு அப்படிச் சறுக்காது. அந்த வீடியோவை வைத்து எந்தப் பயிற்றுவிப்பாளரும் ஒரு முடிவும் எடுக்க மாட்டார். புற்தரை ஹொக்கிச் சான்றிதழும் அப்படித்தான், ஆட்டமே வேறு.

இடமாற்ற அட்டை என்று ஒன்று உண்மையில் உண்டு, அதனால்தான் பலர் ஏமாறுகிறார்கள். ஒரு நாட்டின் ஐஸ் ஹொக்கிச் சங்கத்தில் பதிவாகி விளையாடியவர் இன்னொரு நாட்டுக்கு மாறும்போது, இரு சங்கங்களும் சர்வதேச ஐஸ் ஹொக்கிச் சம்மேளனமும் சம்மதித்து வழங்குவது அது. எங்குமே பதிவாகாத பொடியனுக்கு எதை மாற்றுவது? ஏஜென்டுகளும் இருக்கிறார்கள். என்.எச்.எல். வீரர்கள் சங்கம் அங்கீகரித்தவர்களின் பெயர்ப்பட்டியலை இணையத்தில் பார்க்கலாம். அவர்கள் எடுப்பது வீரரின் சம்பளத்தில் ஒரு சிறு வீதம். முற்பணம் கேட்டால் பேச்சை அங்கேயே நிறுத்துங்கள். ஐஸ் ஹொக்கி வீரர்களின் விபரம் திரட்டும் எலைட் புராஸ்பெக்ட்ஸ் இணையத்தளத்திலும் தேடுங்கள். தொழில்முறையில் ஆடும் எவருக்கும் அங்கே ஆட்டக் கணக்கு இருக்கும். "முதல் நாங்கள் அனுப்பின பொடியன்" என்று தரகர் சொல்லும் பெயரை அதில் போட்டுப் பாருங்கள்.

இன்னொரு வகை, ஹொக்கி அகடமி. வீரரிடமே கட்டணம் வாங்கி ஆடவிடும் ஜூனியர் அணிகளும் அகடமிகளும் கனடாவில் சட்டப்படியே இருக்கின்றன. அதை மோசடி என்று சொல்ல முடியாது. அதன் அனுமதிக் கடிதத்தைத் தரகர் "ஒப்பந்தம்" என்று விற்பதுதான் மோசடி. யார் யாருக்குக் காசு கட்டுவது என்ற வரியைத் தேடி வாசியுங்கள்.

விசா விஷயத்தில் பொய்யை லேசாகப் பிடிக்கலாம். கனடிய அணிக்குச் சம்பளத்துக்கு ஆடுபவருக்கு வேலை அனுமதி வேண்டும். விண்ணப்பதாரியின் கட்டணம் 155 கனேடிய டொலர், கைரேகைக்கு 85. தொழில் வழங்குநருக்குரிய 230 டொலரை அணிதான் கட்டும். கைரேகை கொடுக்க ஆள் நேரில் கொழும்பு விசா நிலையத்துக்குப் போகவேண்டும். வலிகாமத்துப் பொடியன் கைரேகை கொடுக்கவே இல்லை, கடவுச்சீட்டும் கொழும்புக்குப் போகவில்லை; விசா எங்கே அடிபட்டது? விண்ணப்ப இலக்கத்தைக் கேளுங்கள். குடிவரவு ஆலோசகர் என்பவரின் உரிம இலக்கம் ஆர் எழுத்தில் தொடங்கும். கனடாவின் ஆலோசகர் கல்லூரிப் பதிவேட்டில் அது இப்போதும் செல்லுபடியாகிறதா என்று நீங்களே தேடலாம்.

போலிக் கடிதத்தோடு விண்ணப்பித்து அகப்பட்டால் 5 வருடம் கனடாவுக்குள் போகமுடியாது. நிரப்பியது தரகர் என்றாலும் தடை விண்ணப்பதாரிக்குத்தான். 2004 இல் இலங்கைத் தேசிய ஹேண்ட்போல் அணி என்று சொல்லி ஜெர்மனிக்குப் போன 23 பேர் பவேரியாவில் வைத்துக் காணாமற்போன கதை விசா அதிகாரிகள் அறியாததல்ல. விளையாட்டுக் கடிதம் என்றால் இலகுவாக விடுவார்கள் என்று நினைக்கவேண்டாம்.

ஏற்கெனவே காசு கொடுத்தவர்கள் தரகரோடு சண்டைக்குப் போக முதல் மூலக் கடவுச்சீட்டையும் ஓ.எல்., ஏ.எல். சான்றிதழ்களையும் ஏதாவது சாட்டுச் சொல்லித் திருப்பி வாங்குங்கள். வட்ஸ்அப் குரல் பதிவுகளை அழிக்காமல் இன்னொரு போனுக்கும் மாற்றி வையுங்கள். வங்கிச் சிட்டைகளைப் படம் எடுங்கள். உண்டியலில் கொடுத்திருந்தால் திகதி, தொகை, காசு வாங்க வந்தவரின் போன் இலக்கம் மூன்றையும் எழுதி வையுங்கள். பிறகு பொலிஸில் முறைப்பாடு, வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தின் 1989 இலக்கத்திலும் முறைப்பாடு. ஏஜென்சிக்கு அனுமதிப்பத்திரம் இருக்கிறதா என்று மட்டும் கேட்டு நிறுத்தாதீர்கள். அந்த வேலைக்கு, அந்த நாட்டுக்கு, ஆள் எடுக்கப் பணியகம் ஒப்புதல் கொடுத்திருக்கிறதா என்றும் கேளுங்கள்.