செயின்ட் ஹெலன்ஸ் எரிமலைக்கு ஒரு நாள் வேன் பயணம்: மலைக்கு முழு மதிப்பெண், நேரத்துக்குப் பாதிதான்

முப்பது வருடம் வகுப்பில் எரிமலை என்றால் ஒரு கூம்பு வரைந்து, உச்சியிலிருந்து நெருப்பு பீறிடுவதாகக் கோடு இழுத்தவள் நான். விண்டி ரிட்ஜ் என்ற பார்வை மேட்டில் நின்று இந்த மலையைப் பார்த்ததும் அந்தப் படங்களையெல்லாம் அழித்துவிடத் தோன்றியது. வடக்குப் பக்கமே இல்லை. குதிரை லாடம்போல வாயைப் பிளந்து நிற்கிறது.

2022 ஆகஸ்டில் அமெரிக்காவின் சியாட்டிலிலிருந்து மகன் பதிவு செய்து அனுப்பிய பயணம் இது. ஏழு பேர், ஓட்டுநரே வழிகாட்டி. ராண்டில் என்ற சிற்றூரைத் தாண்டினால் மேடும் பள்ளமுமான காட்டுச் சாலை. இடுப்பு வலிக்காரர்கள் முன் இருக்கையைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

வழிகாட்டி கெட்டிக்காரர். வெளிறிய கல் ஒன்றை எடுத்து என் தண்ணீர் டப்பாவில் போட்டார். மிதந்தது! நுரைக்கல்லைப் பற்றி எத்தனை முறை பாடம் நடத்தியிருப்பேன், கையில் எடுத்துப் பார்த்தது அன்றைக்குத்தான். எடுத்துப் போகக் கூடாது என்று அதே இடத்தில் திரும்ப வைக்கச் சொன்னார்.

1980 மே 18, காலை 8.32. நிலநடுக்கத்தில் வடக்குச் சரிவு அப்படியே வழுக்கி விழ, உள்ளே அடைபட்டிருந்த அழுத்தம் குக்கர் மூடியைத் திடீரெனத் திறந்ததுபோலப் பக்கவாட்டில் வெடித்திருக்கிறது. 57 பேர் இறந்தார்கள். மலை 400 மீட்டர் குட்டையாகிவிட்டது.

கீழே ஸ்பிரிட் ஏரியின் ஓரத்தில் வெளிறிய பாய் விரித்தாற்போல் ஏதோ தெரிந்தது. பைனாகுலரில் பார்த்தால் அத்தனையும் மரங்கள். அன்று ஏரிக்குள் அடித்து வரப்பட்டவை இன்னும் மிதக்கின்றன. காற்று தள்ளும் கரைக்குப் போய் ஒதுங்குகின்றனவாம்.

இந்த இடத்துக்கு நாற்பது நிமிடம்தான் கொடுத்தார்கள். அதுதான் என் கோபம். பக்கத்துக் குன்றின் மேல் ஏற முந்நூறுக்கு மேல் படிகள், கால் வைத்தால் மணல் சரிகிறது. பாதியிலேயே கூப்பிட்டுவிட்டார். வெடிப்பில் நசுங்கிய காரைச் சாலையோரத்தில் அப்படியே விட்டு வைத்திருக்கிறார்கள். அங்கேயும் வேன் நிற்கவில்லை, வேகத்தைக் குறைத்ததோடு சரி. ஆனால் ராண்டிலில் காபிக்கு முக்கால் மணி நேரம்!

ரெய்னியர் என்ற இன்னொரு எரிமலை மேகத்தைவிட்டு வெளியே வரவே இல்லை. அதற்கு இவர்களைக் குறை சொல்ல முடியாது.

ஐந்துக்கு மூன்று. கார் ஓட்டத் தெரிந்தவர்கள் தாங்களே போகலாம்: நான் போன 2022-இல் வண்டிக்கு நாள் அனுமதி 5 டாலராக இருந்தது. பனிக்காலத்தில் சாலையை மூடிவிடுவார்கள், விசாரித்துக்கொண்டு கிளம்புங்கள். மேலே தண்ணீர் கிடைக்காது. எடுத்துப் போக வேண்டும்.