கிளிநொச்சியில் தங்கி வன்னி பார்க்க: பஸ்ஸா, ஓட்டோவா, மோட்டார் சைக்கிளா, வானா?

பெரிய நகரங்களில் ஓடும் சுற்றுலாப் பஸ்ஸுக்கு மூன்று வசதிகள் உண்டு. ஒரு ரிக்கற் எடுத்தால் நாள் முழுக்க எங்கும் இறங்கி ஏறலாம். பஸ் வட்டமாகச் சுற்றிப் புறப்பட்ட இடத்துக்கே வரும். பார்க்க வேண்டிய இடத்தின் வாசலிலேயே நிற்கும். 1984இல் தனி மாவட்டமான கிளிநொச்சி, அந்த மாவட்டத்தின் சிறிய தலைநகர். அங்கே இப்படியொரு பஸ் இல்லை. ஆனால் நகருக்கு ஊடாகப் போகும் கண்டி–யாழ்ப்பாணம் ஏ9 வீதியில் காலையிலிருந்து இருட்டும்வரை பஸ்கள் ஓடிக்கொண்டே இருப்பதால், கை காட்டி ஏறி, பார்த்துவிட்டு, அடுத்ததைப் பிடிக்கலாம் என்று பலர் திட்டம் போடுகிறார்கள். அந்தத் திட்டம் பாதிதான் சரிவரும்.

காரணம் சந்தி. வன்னியில் பஸ் உங்களைச் சந்தியில் இறக்கிவிடும். குளமும் கோயிலும் கடற்கரையும் உள்ளே இருக்கும். எனவே எந்த வாகனம் என்று யோசிக்க முதல், பார்க்க நினைக்கும் ஒவ்வோர் இடமும் பஸ் ஓடும் வீதியிலிருந்து எவ்வளவு உள்ளே என்று கணக்குப் பாருங்கள். வாகனத்தைத் தீர்மானிப்பது வாடகையைவிட இந்தக் கணக்குத்தான்.

வீதியோரத்து இடங்களுக்கு பஸ்

கிளிநொச்சி நகருக்குள் கந்தசுவாமி கோயில், எறிகணை பிளந்த கொங்கிறீற் கட்டியில் தாமரை பூத்த வடிவிலான போர் நினைவுச் சின்னம், வடக்கே சுமார் 15 கிலோமீற்றரில் ஆனையிறவு, தெற்கே முறிகண்டிப் பிள்ளையார். இவை எல்லாம் ஏ9 ஓரத்திலேயே இருக்கின்றன. இவற்றுக்கு ஓட்டோ பிடிப்பது வீண் செலவு.

ஏறவேண்டியது யாழ்ப்பாணம்–வவுனியா, யாழ்ப்பாணம்–கிளிநொச்சி போன்ற சாதாரண பஸ்களில். கொழும்பு–யாழ்ப்பாணம் 87ஆம் இலக்கக் குளிரூட்டிய பஸ்கள் இடையில் ஏற்றினாலும் தூரத்துக்குரிய காசை மட்டும் வாங்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். சிறிய தரிப்பிடங்களில் நிற்கவும் மாட்டா. இ.போ.ச. (இலங்கைப் போக்குவரத்துச் சபை) பஸ் கை காட்டிய இடத்தில் பெரும்பாலும் நிற்கும். தனியார் பஸ்ஸும் நிற்கும், ஆனால் பின்னால் இன்னொரு பஸ் துரத்தி வந்தால் உங்களைத் தாண்டிப் போய்விடும். ஒரு நாளுக்கான ரிக்கற் என்று எதுவும் கிடையாது. ஒவ்வொரு முறை ஏறும்போதும் குறைந்தபட்சக் கட்டணத்திலிருந்து புதிதாகக் கொடுக்க வேண்டும். ஐந்து முறை ஏறி இறங்கினாலும் மொத்தச் செலவு சிறியதுதான், சில்லறைதான் பிரச்சினை. சிறிய தாள்களை முதலே மாற்றி வைத்திருங்கள்.

ஆனையிறவைக் காலையில் முடியுங்கள். கடல்நீரேரி, உப்பளம், அருகால் ஓடும் ரயில் பாதை, நடராஜர் சிலை, 1991ஆம் ஆண்டுச் சண்டையில் சேதமான கவசம் பூட்டிய புல்டோசர் எல்லாம் வெட்டவெளியில் நிற்கின்றன. ஒதுங்கிநிற்க மரநிழல் இல்லை. பத்து மணிக்குப் பிறகு உப்புத் தரையின் வெக்கை முகத்தில் அடிக்கும், வெளிச்சம் கண்ணைக் கூசவைக்கும். கிளிநொச்சியிலிருந்து காலையில் வடக்கே போகும்போது பஸ்ஸின் இடப்பக்கம் இருந்தால் வெயில் படாது. திரும்பி வரும்போது, புல்டோசர் நினைவுச் சின்னத்தடியில் நின்று கை காட்டாமல் தரிப்பிடம் வரை நடந்து போய் நில்லுங்கள். நீண்ட நேர்வீதி அது, வேகமாக வரும் பஸ் நடுவில் பிறேக் போடாது.

முறிகண்டியைப் பின்னேரத்துக்கு வையுங்கள். ஏ9இல் போகும் சாரதிகள் நிறுத்தித் தேங்காய் உடைத்துக் கும்பிட்டுப் போகும் கோயில் என்பதால் பெரும்பாலான பஸ்கள் தாமாகவே அங்கே நிற்கும். ஏறி இறங்கிப் பார்ப்பவருக்கு வன்னியிலேயே மிக வசதியான தரிப்பிடம் இதுதான். சுடச்சுட வறுத்த கச்சானை வாங்கிக்கொண்டு அடுத்த பஸ்ஸில் ஏறலாம். ஒரு எச்சரிக்கை: காலை ஏழரை மணியை ஒட்டியும் பகல் ஒன்றரைக்குப் பிறகும் பாடசாலைப் பிள்ளைகளால் பஸ் நிரம்பி வழியும். அந்த நேரத்தில் பயணப் பையோடு ஏறுவது உங்களுக்கும் கரைச்சல், பிள்ளைகளுக்கும் கரைச்சல். பையைத் தங்குமிடத்தில் விட்டுவிட்டு வாருங்கள்.

ரயிலையும் சிலர் இந்தக் கணக்கில் சேர்க்கிறார்கள். 2013இல் கிளிநொச்சி வரையும் 2014இல் யாழ்ப்பாணம் வரையும் பாதை திரும்பத் திறக்கப்பட்டது. வவுனியாவுக்கு வடக்கே காட்டுக்குள்ளால் வருவதும் ஆனையிறவு வெளியைக் கடப்பதும் ரயிலிலிருந்து பார்க்க மிக அழகு. ஆனால் ஒரு நாளைக்கு ஓடுவது சில ரயில்களே. வந்து சேர ரயில் நல்லது. இறங்கி ஏறிச் சுற்றிப்பார்க்க உதவாது.

உள்ளே கொஞ்சத் தூரம் என்றால் ஓட்டோ

இரணைமடுவுக்கு பஸ் திட்டம் பிழைக்கும். ஏ9இல் இரணைமடுச் சந்தியில் இறங்கினால் குளக்கட்டு கிழக்கே மூன்று நான்கு கிலோமீற்றர். தூரம் பெரிதில்லை, ஆனால் சித்திரை வெயிலில் குழந்தையோடோ வயதானவர்களோடோ நடக்கக் கூடாத வீதி அது. வட மாகாணத்தின் மிகப் பெரிய குளம் இது. கனகராயன் ஆற்றை மறித்து 1920களில் கட்டி முடித்தது. இப்போது 36 அடி வரை நீர் தேக்குகிறார்கள். மாரியில் அந்த மட்டத்தை நெருங்கும்போது வான்கதவுகள் திறக்கப்படும். அதைப் பார்க்கவே ஊர்ச் சனம் திரளும். கார்த்திகை முதல் தை வரை போகிறவர்கள் அன்றைய நீர்மட்டத்தை விசாரித்துவிட்டுப் போனால் நல்லது. பக்கத்திலேயே கனகாம்பிகை அம்மன் கோயில் இருக்கிறது.

இங்கே ஓட்டோ பிடிப்பதற்கு ஒரு முறை உண்டு. போகும் காசை மட்டும் பேசி இறங்கிவிட்டால் திரும்பி வரக் குளக்கட்டில் ஓட்டோ கிடையாது. ஆகவே போக, வர, அங்கே ஒரு மணித்தியாலம் நிற்க என்று மூன்றையும் சேர்த்து ஒரே தொகையாகப் பேசுங்கள். மீற்றர் பூட்டிய ஓட்டோவை நம்பிப் புறப்பட வேண்டாம். நகரிலிருந்து பிடிப்பதைவிடச் சந்தி வரை பஸ்ஸில் வந்து அங்கு நிற்கும் ஓட்டோவைப் பிடித்தால் செலவு குறையும். ஆனால் மத்தியானத்தில் சந்தியில் ஓட்டோ நிற்குமென்பதற்கு உத்தரவாதம் இல்லை.

ஓட்டோவில் முல்லைத்தீவு வரை சுற்றிவர நினைப்பவர்களுக்கு ஒரு கணக்கு. ஓட்டோவுக்குச் சட்டப்படி வேக எல்லை மணிக்கு 40 கிலோமீற்றர். பரந்தன் வழியாக முல்லைத்தீவு போய், ஒட்டுசுட்டான், மாங்குளம் வழியாகக் கிளிநொச்சி திரும்பினால் 130 கிலோமீற்றருக்கு மேல். எங்கும் நிற்காமல் ஓடினாலே மூன்றேகால் மணித்தியாலம் தாண்டும். முதுகு சொல்லும் மிச்சத்தை.

முல்லைத்தீவுச் சுற்று: பஸ் எங்கே இடறுகிறது

வன்னியைப் பார்த்தேன் என்று சொல்ல வேண்டுமானால் இந்தச் சுற்றை விட முடியாது. பரந்தனிலிருந்து ஏ35 வீதி தருமபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு, முள்ளிவாய்க்கால், வட்டுவாகல் என்று போய் முல்லைத்தீவில் கடலைத் தொடும். திரும்பி வர ஏ34: முள்ளியவளை, ஒட்டுசுட்டான், மாங்குளம்.

பஸ்ஸில் இது முடியும். ஆனால் ஏ9இல் போல அடுத்தடுத்து பஸ் வராது. புதுக்குடியிருப்பில் இறங்கினால் அடுத்ததற்கு எவ்வளவு நேரம் என்று இறங்கும் முன்பே நடத்துநரிடம் கேளுங்கள். இரண்டு இடங்களுக்கு மேல் இறங்கத் திட்டமிட்டால் நாள் போதாது. முல்லைத்தீவில் வவுனியா பஸ்ஸில் ஏறும்போது இன்னொரு கேள்வி கட்டாயம்: “மாங்குளத்தால போகுமோ, நெடுங்கேணியால போகுமோ?” நெடுங்கேணிப் பக்கம் போவது புளியங்குளத்தில்தான் ஏ9இல் ஏறும். மாங்குளத்தில் இறங்கிக் கிளிநொச்சி பஸ் பிடிக்கலாம் என்று நினைத்து ஏறியவர் வெகு தெற்கே போய் இறங்குவார். பின்னேரம் நாலு மணிக்குள் முல்லைத்தீவை விட்டுப் புறப்படுவது பாதுகாப்பு.

இதைவிடப் பெரிய காரணம் முள்ளிவாய்க்கால். 2009இல் இத்தனை உயிர்கள் போன மண்ணில், நினைவு முற்றத்தின் முன்னால் நிற்பவர் அடுத்த பஸ்ஸின் நேரத்தை மணிக்கூட்டில் பார்த்துக்கொண்டு நிற்கக் கூடாது. அங்கே வருகிறவர்களில் பலர் தம் வீட்டாரை இழந்தவர்கள். எவ்வளவு நேரம் நிற்பது என்பதை மனம் தீர்மானிக்கட்டும். அதற்குக் காத்திருக்கும் வாகனம் வேண்டும். அழுபவர்களைப் படம் பிடிக்காதீர்கள். வழியெங்கும் உள்ள படை முகாம்களையும் படம் எடுக்க வேண்டாம்.

மோட்டார் சைக்கிள்

ஒருவர் இருவராக வருபவர்களுக்கு இந்தச் சுற்றுக்கு இதைவிட நல்லது இல்லை. நந்திக்கடல் ஓரத்தில் நினைத்த இடத்தில் நிறுத்தலாம். கற்சிலைமடுவில் 1803 ஒக்ரோபர் 31இல் பண்டாரவன்னியன் தோற்கடிக்கப்பட்டதைக் குறிக்க வெள்ளையர் நாட்டிய நினைவுக்கல்லுக்கும், ஒட்டுசுட்டான் தான்தோன்றீஸ்வரர் கோயிலுக்கும் ஒரே ஓட்டத்தில் போகலாம். காலை ஆறரைக்குப் பரந்தனால் புறப்பட்டால் வெயில் ஏறும் முன் முல்லைத்தீவுக் கடற்கரை.

எடுக்கும் முன் பின் ரயரைக் கையால் தடவிப் பாருங்கள். தேய்ந்த ரயரோடு ஒட்டுசுட்டானுக்கும் மாங்குளத்துக்கும் இடையில் காற்றுப் போனால் ஒட்டுக் கடை தேடி வெகுதூரம் உருட்ட வேண்டும், இருபுறமும் காடு. பெற்றோலைக் கிளிநொச்சியிலேயே நிரப்புங்கள். பின்னால் இருப்பவருக்கும் தலைக்கவசம் சட்டம். வெளிநாட்டிலிருந்து வருபவர்கள் அந்நாட்டு அனுமதிப்பத்திரத்தை மட்டும் காட்டி ஓட முடியாது. இலங்கையில் அதற்கு அங்கீகாரம் எடுத்த பிறகே ஓடலாம். வாடகைக்குக் கொடுப்பவர் “பரவாயில்லை” என்றாலும் விபத்து நடந்தால் காப்புறுதி கைவிடும்.

இருட்டிய பிறகு ஓடாதீர்கள். ஏ9இலும் ஏ35இலும் சூடு ஆறாத தாரில் மாடுகள் படுத்துக் கிடக்கும், கறுப்பு மாடு வெளிச்சத்தில் தெரிவது கடைசிக் கணத்தில்தான். ஏ34 காட்டுப் பகுதியில் யானையும் உண்டு. சுண்டிக்குளம் பறவைகளுக்கும், பூநகரி தாண்டி மண்ணித்தலைச் சிவன் கோயில் இடிபாட்டுக்கும் போகிறவர்களுக்கு மணல்தான் எதிரி. முன் சில்லு புதையத் தொடங்கினால் பிறேக்கைத் தொடாமல் வேகத்தை மெல்லக் குறையுங்கள். மண்டையோடு போட்ட சிவப்புப் பலகை நிற்கும் பக்கம் ஓர் அடியும் வைக்கக் கூடாது. முகமாலைப் பக்கத்தில் மிதிவெடி அகற்றும் வேலை பல ஆண்டுகளாக நடந்தது. பாதையை விட்டுப் பற்றைக்குள் சலம் கழிக்கப் போவதும் கூடாது. மாரியில் வட்டுவாகல் தாம்போதிக்கு மேலால் வெள்ளம் பாய்ந்தால் சுற்று அங்கேயே முறியும். வந்த வழியே திரும்புங்கள், தண்ணீருக்குள் இறக்காதீர்கள்.

வான்

நாலு பேருக்கு மேல், அல்லது அம்மம்மா அப்பப்பாவோடு வருகிறீர்கள் என்றால் யோசிக்க வேண்டாம், வான்தான். ஆட்களால் பிரித்தால் ஓட்டோவை விடச் செலவு பெரிதாகக் கூடிவிடாது. ஏமாற்றம் வருவது பேச்சில். நாள் வாடகை பெரும்பாலும் ஒரு கிலோமீற்றர் எல்லையோடு வரும். 100 கிலோமீற்றர் என்று பேசி முல்லைத்தீவுச் சுற்றை முடித்தால் மேலதிகக் காசு நிச்சயம். எல்லை எவ்வளவு, அதற்கு மேல் ஒரு கிலோமீற்றருக்கு எவ்வளவு, டீசல் யார் செலவு, சாரதியின் சாப்பாடு யார் பொறுப்பு, ஏசி போட்டால் வேறு காசா என்று ஐந்தையும் முதல்நாளே கேட்டுவிடுங்கள். முன்பு இந்தப் பக்கம் ஓடிய தட்டிவான்களில் பக்கமெல்லாம் திறந்திருந்ததால் இருந்த இடத்திலிருந்தே வயலும் குளமும் தெரியும். இன்றைய வானில் கறுப்புக் கண்ணாடி ஒட்டியிருந்தால் பின்னால் இருப்பவர் எதையும் பார்க்க முடியாது. அதையும் பார்த்து எடுங்கள்.

திருவிழா நாட்கள்

இந்த ஒப்பீடு முழுக்கத் தலைகீழாகும் நாட்கள் சில உண்டு. வைகாசியில் வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் பொங்கல், பங்குனி உத்திரத்தை ஒட்டிய புளியம்பொக்கணை நாகதம்பிரான் பொங்கல் இரண்டுக்கும் பல ஊர்களிலிருந்து விசேட பஸ் விடுவார்கள். கோயிலுக்கு வெகு முன்பே வான்களையும் கார்களையும் மறித்துத் தரிக்க வைப்பார்கள். சனத்துக்குள்ளால் நடந்து போய், நடந்து வந்து, இருட்டில் உங்கள் வானைத் தேடுவதைவிட விசேட பஸ்ஸே சுகம். மற்ற நாட்களில் வற்றாப்பளைக்கு முள்ளியவளையில் இறங்கி ஓட்டோ பிடிக்க வேண்டும். பொங்கல் நாளில் பஸ் கோயிலடிக்குக் கிட்டவே கொண்டுபோகும். திரும்பும் கூட்டம் விடியப்புறத்தில் ஒரேயடியாக வரும். ஆகவே வைத்திருக்கும் தண்ணிப் போத்தலை இறங்கும்போதே நிரப்பிக்கொள்ளுங்கள், வந்த பஸ்ஸின் இலக்கத்தையும் குறித்து வையுங்கள்.